ஜெயகாந்தனின் திரைப்பாதையும் 1965 என்னும் ஆண்டும்

போருக்குப் பிந்தைய ஜெர்மன் சினிமாவைப் பற்றிப் பேச்சு எழும் இலக்கியக் கூட்டங்களில், பெரும்பாலும் இறுதியில் ஒரு கேள்வி வந்து நிற்கும். ஃபாஸ்பிண்டரைப் போல் ஒருவர் நம்மிடையே ஏன் தோன்றவில்லை? கேட்பவரின் குரலில் ஏக்கமும் இருக்கும், தமிழ்ப் பார்வையாளன் மீது சற்றே ஏளனமும் இருக்கும். இந்தக் கேள்வியில் இரண்டு பிழையான அனுமானங்கள் ஒளிந்திருப்பதாக எனக்குத் தோன்றுவதுண்டு. ஃபாஸ்பிண்டர் தாமாகத் தோன்றினார் என்பது ஒன்று. நம்மிடையே ஒருவரும் தோன்றவில்லை என்பது மற்றொன்று. இரண்டையும் சற்று நிதானமாகப் பார்க்கலாம்.

இரண்டாவதிலிருந்து தொடங்குவோம். அதற்குக் கடலூருக்கு வரவேண்டும்.

தமிழ்ச் சிறுகதையின் இரண்டு பெரும் ஆளுமைகள் பிறப்பால் கடலூரோடு தொடர்புடையவர்கள். புதுமைப்பித்தன் 1906இல் திருப்பாதிரிப்புலியூரில் பிறந்தார். தந்தையாரின் வருவாய்த்துறைப் பணி காரணமாகச் செஞ்சி, திண்டிவனம், கள்ளக்குறிச்சி எனப் பழைய தென்னார்க்காடு மாவட்டத்து ஊர்களில் அவருடைய இளமை கழிந்தது, பிறகே திருநெல்வேலி. ஜெயகாந்தன் 1934இல் கடலூர் மஞ்சக்குப்பத்தில் பிறந்தார். இருவருக்கும் இடையே இன்னோர் ஒற்றுமை உண்டு. இருவரும் எழுத்திலிருந்து சினிமாவுக்குச் சென்றவர்கள். சென்ற விதமும் திரும்பிய விதமும்தாம் வேறு.

புதுமைப்பித்தன் வசனம் எழுதச் சென்றார். தம் தாயார் பெயரால் பர்வதகுமாரி புரொடக்ஷன்ஸ் என்ற நிறுவனத்தைத் தொடங்கி ‘வசந்தவல்லி’ என்ற படத்தை எடுக்க முயன்றார். அது கைகூடவில்லை. ‘ராஜமுக்தி’ படத்துக்கு வசனம் எழுதப் புனே சென்ற இடத்தில் காசநோய் முற்றியது. 1948இல் திருவனந்தபுரத்தில் மறைந்தபோது அவருக்கு வயது 42. ஓர் எழுத்தாளன் சினிமாவில் கூலிக்கு எழுதலாம், ஆனால் தன் படத்தைத் தானே எடுக்க முடியாது என்ற பாடத்தைத்தான் அந்த மரணம் அடுத்த தலைமுறைக்கு விட்டுச் சென்றது.

அந்தப் பாடத்தை ஏற்க மறுத்தவர் ஜெயகாந்தன்.

அவர் வந்த வழியைச் சுருக்கமாக நினைவுகூர்வது பயனுள்ளது. ஐந்தாம் வகுப்போடு பள்ளிக்கு விடை கொடுத்தவர். கடலூரிலிருந்து விழுப்புரம், அங்கிருந்து சென்னை. கம்யூனிஸ்ட் கட்சி அலுவலகத்தில் கட்சித் தோழர்களே அவருக்கு ஆசிரியர்கள். ஜனசக்தி அச்சகமே பாடசாலை. கட்சி தடைசெய்யப்பட்ட காலத்தில் சிலகாலம் தஞ்சாவூரில் ஒரு செருப்புக் கடையில் வேலை பார்த்தார். பிறகு ‘சரஸ்வதி’யில் எழுதினார், அறுபதுகளின் தொடக்கத்தில் ‘ஆனந்த விகடன்’ வழியாகத் தமிழகமெங்கும் அறியப்பட்ட பெயரானார்.

சினிமாவோடு அவருடைய தொடர்பும் கட்சித் தோழர்கள் வழியாகவே முளைத்தது. 1960இல் ‘பாதை தெரியுது பார்’ வெளிவந்தது. வங்காளத்தில் ‘சின்னமூல்’ எடுத்த நிமாய் கோஷ் இயக்கிய தமிழ்ப்படம் அது, எம்.பி. சீனிவாசன் இசை. அதில் ஜெயகாந்தன் ஒரு பாடல் எழுதினார். தொழிலாளர் வாழ்வைப் பேசிய அப்படம் தேசிய அளவில் பாராட்டுப் பெற்றது, திரையரங்குகளில் நிலைபெறவில்லை. ஸ்டூடியோக்களின் பிடிக்கு வெளியே, கூட்டு முயற்சியில் ஒரு படம் எடுக்க முடியும் என்பதற்கு அது சான்று. எடுத்த படத்தை மக்களிடம் கொண்டு சேர்ப்பது வேறொரு கலை என்பதற்கும் அதுவே சான்று. முதற்பாதியை ஜெயகாந்தன் நன்றாகக் கற்றுக்கொண்டார் என்றே சொல்லவேண்டும்.

‘உன்னைப்போல் ஒருவன்’ 1964இல் விகடனில் தொடராக வந்த நாவல். சேரிச் சிறுவன் சிட்டி. சித்தாள் வேலை பார்த்து அவனை வளர்க்கும் தாய் தங்கம். அவர்கள் வாழ்வில் நுழையும் கிளி ஜோசியக்காரன் மாணிக்கம். தாய்க்கு ஒரு துணை தேவைப்படலாம் என்பதை ஏற்க முடியாத மகனின் கோபமும், இறுதியில் தாயை இழந்து, அவள் பெற்றுச் சென்ற சிசுவைத் தன் கையில் ஏந்தும் அவனுடைய கனிவும்தான் கதை. அதையே அவர் ஆசிய ஜோதி பிலிம்ஸ் என்ற பெயரில் தாமே இயக்கிப் படமாக்கினார். 1965இல் வெளியான அப்படத்தில் அன்றைய நட்சத்திரங்கள் எவரும் இல்லை, பாடல்களும் இல்லை. தங்கமாக நடித்தவர் காந்திமதி. பின்னணி இசை வீணை சிட்டிபாபு. 1964ஆம் ஆண்டுக்கான தேசிய விருதுகளில் சத்யஜித் ராயின் ‘சாருலதா’ முதலிடம் பெற்றபோது, அகில இந்திய அளவில் மூன்றாம் இடத்துக்கான நற்சான்றிதழ் ‘உன்னைப்போல் ஒருவ’னுக்குக் கிடைத்தது.

அடுத்த ஆண்டே ‘யாருக்காக அழுதான்?’ வந்தது. நகைச்சுவை நடிகராக உச்சத்தில் இருந்த நாகேஷை, சிரிக்க வைக்க விடாமல், ஜோசப் என்ற அப்பாவியாக நடிக்க வைத்தார். தங்கும் விடுதி ஒன்றில் எடுபிடி வேலை செய்பவன் ஜோசப். அவன் மீது திருட்டுப் பழி விழுகிறது. அடிக்கப்படுகிறான், மறுத்துப் பேசாமல் நிற்கிறான். அவனுடைய அழுகை யாரை முன்னிட்டது என்பதுதான் கதையின் பொருள். இதற்கும் வணிக வெற்றி கிட்டவில்லை. அதன் பிறகு ஜெயகாந்தன் இயக்குநராக அமர 12 ஆண்டுகள் ஆயின. 1978இல் ‘புதுச் செருப்புக் கடிக்கும்’. எம்.பி. சீனிவாசன் இசையில் எஸ்.பி. பாலசுப்ரமணியம் பாடிய, ஜெயகாந்தனே எழுதிய பாடல் ஒன்றுதான் அப்படத்திலிருந்து இன்றும் பலர் நினைவில் நிற்பது. அதோடு அவருடைய இயக்குநர் வாழ்வு முடிந்தது. ஆக மொத்தம் மூன்று படங்கள்.

இனி முதல் அனுமானத்துக்கு வருவோம்.

ஜெயகாந்தனுக்கு ஜெர்மனியில் இணை தேட வேண்டுமானால் ஃபாஸ்பிண்டரைவிட அலெக்சாண்டர் க்ளூகே பொருத்தமானவர். 1932இல் ஹால்பர்ஸ்டாட் நகரில் பிறந்தவர். நம்மவரைவிட இரண்டு வயது மூத்தவர். சட்டம் படித்தவர். 1962இல் தம் முதல் கதைத் தொகுப்பை வெளியிட்டார். அதே ஆண்டு பிப்ரவரி 28 அன்று ஓபர்ஹவுசன் குறும்பட விழாவில், பழைய சினிமா இறந்துவிட்டது, புதியதை நாங்கள் படைப்போம் என்ற பொருள்பட 26 இளைஞர்கள் ஓர் அறிக்கை வெளியிட்டார்கள். கையொப்பமிட்டவர்களில் க்ளூகேயும் ஒருவர். 1966இல், ஜெயகாந்தன் ‘யாருக்காக அழுதான்?’ வெளியிட்ட அதே ஆண்டில், க்ளூகே தம் தொகுப்பில் உள்ள அனிதா என்ற பெண்ணின் கதையைத் தம் முதல் முழுநீளப் படமாக்கினார். படத்தின் பெயரை ‘நேற்றைக்கு விடை’ எனத் தமிழாக்கலாம். கிழக்கு ஜெர்மனியிலிருந்து வந்த யூதப் பெண் ஒருத்தி கம்பளிச் சட்டை ஒன்றைத் திருடியதற்காக நீதிபதி முன் நிறுத்தப்படுகிறாள். அங்கிருந்து ஊர் ஊராக அலைகிறாள். இறுதியில் சிறையில் வந்து சேர்கிறாள். அதில் நடித்தவர் க்ளூகேயின் தங்கை.

இரு வேறு உலகங்களில் வாழ்ந்த, ஒருவரையொருவர் அறிந்திருக்க வாய்ப்பில்லாத இரண்டு எழுத்தாளர்கள் ஒரே ஆண்டில் தங்கள் கதையைத் தாங்களே படமாக்கினார்கள். இரண்டிலும் திருட்டுக் குற்றம் சுமந்த ஓர் எளிய உயிர் சமூகத்தின் முன் நிற்கிறது. இதைத் தற்செயல் என்று ஒதுக்கிவிடலாம். ஆனால் அதன் பிறகு நடந்தவற்றைத் தற்செயல் என்று சொல்ல இயலாது. க்ளூகேயின் படம் வெனிஸ் விழாவில் வெள்ளிச் சிங்கம் பெற்றது. இரண்டே ஆண்டுகளில் அவருடைய அடுத்த படம் அங்கேயே தங்கச் சிங்கம் பெற்றது. அவர் தொடர்ந்து படமெடுத்தார். ஜெயகாந்தனின் கையில் அகில இந்தியச் சான்றிதழ் இருந்தது; அடுத்த படத்துக்கான வழி இல்லை.

என்ன வேறுபாடு? திறமையில் என்று சொல்வதற்கு ஆதாரமில்லை. ஓபர்ஹவுசன் இளைஞர்கள் அறிக்கையோடு நிற்கவில்லை என்பதே வேறுபாடு. அதே 1962இல் க்ளூகேயும் எட்கர் ரைட்ஸும் உல்ம் நகர வடிவமைப்புக் கல்லூரியில் திரைப்படத் துறை ஒன்றைத் தொடங்கினார்கள். இளைஞர்களின் முதல் படங்களுக்குப் பொருளுதவி செய்யும் அமைப்பு ஒன்றை அரசு உருவாக்க வேண்டும் என்று வாதாடினார்கள். 1965இல் அது உருவானது. க்ளூகேயின் முதல் படம் அந்த அமைப்பு ஆதரித்த தொடக்கப் படங்களில் ஒன்று. 1966இல் பெர்லினிலும் 1967இல் மியூனிக்கிலும் திரைப்படப் பள்ளிகள் எழுந்தன. 1971இல் இயக்குநர்களே கூடித் தங்கள் படங்களைத் தயாரிக்கவும் விநியோகிக்கவும் ஒரு நிறுவனம் கண்டார்கள். 1974இல் தொலைக்காட்சி நிலையங்கள் சினிமாவுக்குப் பணம் தர ஒப்பந்தம் ஏற்பட்டது.

ஃபாஸ்பிண்டர் வருவது இப்படிச் செப்பனிடப்பட்ட நிலத்தில்தான். 1945இல் போர் முடிந்த மாதத்தில் பிறந்த அவரைப் பெர்லின் திரைப்படப் பள்ளி சேர்த்துக்கொள்ளவில்லை என்பது உண்மையே. ஆயினும் 1969 முதல் 1982இல் 37 வயதில் இறக்கும் வரை அவர் எடுத்த நாற்பதை ஒட்டிய படங்களில் பலவற்றுக்குத் தொலைக்காட்சி நிலையங்கள் பணம் தந்தன. அல்ஃபிரட் டோப்ளினின் பெருநாவலை 14 பகுதிகளாக அவர் எடுக்க முடிந்ததற்கும் அதுவே காரணம். அவருடைய மேதைமையைக் குறைத்து மதிப்பிட இதைச் சொல்லவில்லை. மேதைமைக்கும் சோறு வேண்டும்.

நம் பக்கம் என்ன இருந்தது? சென்னையில் 1957 முதல் திரைப்படச் சங்கம் இருந்தது, உலகப்படங்கள் திரையிடப்பட்டன. மத்திய அரசின் திரைப்பட நிதிக் கழகம் 1960இல் நிறுவப்பட்டது. ஆனால் புதியவர்களுக்குத் துணிந்து கடன் தரும் கொள்கைக்கு அது வந்து சேர்ந்தது அறுபதுகளின் இறுதியில்தான். மிருணாள் சென்னின் ‘புவன் ஷோம்’ அதன் அடையாளம். அது 1969. ஜெயகாந்தன் தம் இரண்டு படங்களையும் எடுத்து முடித்துவிட்டு நாவல்களுக்குத் திரும்பியிருந்த காலம். சென்னைக்குத் தொலைக்காட்சி வந்ததோ 1975இல்.

இவற்றைவிட முக்கியமானது விநியோகம். தமிழ்நாட்டுத் திரைவணிகம் மாநிலத்தை ஏரியாக்களாகப் பிரித்து வைத்திருந்தது. வட ஆற்காடு, தென்னார்க்காடு, செங்கல்பட்டு மூன்றும் சேர்ந்து ‘என்.எஸ்.சி.’ என்று ஓர் ஏரியா. கடலூரும் சிதம்பரமும் அதில் அடக்கம். நாயகன் யார் என்று பார்த்து ஏரியா உரிமை விற்கப்படும். அந்த முன்பணத்தில்தான் படமே வளரும். நட்சத்திரமும் பாட்டும் இல்லாத படத்துக்கு முன்பணம் கிடையாது. முன்பணம் தராத விநியோகஸ்தருக்கு அப்படத்தை ஓட்டிக் காட்டவேண்டிய கட்டாயமும் கிடையாது. ஆகவே மஞ்சக்குப்பத்தில் பிறந்தவர் எடுத்த படம் கடலூர்க் கொட்டகைக்கு வருவதா வேண்டாமா என்பதைக் கடலூர் வாசகர்கள் தீர்மானிக்கும் நிலை இருக்கவில்லை. விகடனில் வாராவாரம் தங்கத்தின் கதையைப் படித்தவர்கள் படத்தைக் கைவிட்டார்கள் என்று குற்றஞ்சாட்டுவது எளிது. பத்திரிகையை வீட்டுக்குக் கொண்டுவந்து சேர்க்க ஒரு முகவர் இருந்தார் என்பதையும், படத்துக்கு அப்படி ஒருவர் இல்லை என்பதையும் சேர்த்தே எண்ணிப் பார்க்க வேண்டும்.

ஜெயகாந்தன் தம் தோல்வியை எவ்வாறு புரிந்துகொண்டார் என்பதற்கு 1972இல் வெளியான ‘சினிமாவுக்குப் போன சித்தாளு’ ஒரு குறிப்பு. வெள்ளித்திரை நாயகன் மீது பித்துக்கொண்ட ஒரு சித்தாளின் வாழ்வு சிதைவதைச் சொல்லும் குறுநாவல் அது. தங்கமும் சித்தாள்தான் என்பதை நாம் மறந்துவிடக் கூடாது. ஏழாண்டுகளுக்கு முன் ஒரு சித்தாளைத் திரையில் காட்டினார். நிஜச் சித்தாளோ வேறு படத்துக்குப் போய்விட்டாள். வகுப்பில் இந்தக் குறுநாவலைப் பற்றிப் பேசும்போதெல்லாம், நட்சத்திர வழிபாட்டின் மீதான எள்ளல் என்று மட்டும் மாணவர்கள் அதைக் குறித்துக்கொள்வதைப் பார்த்திருக்கிறேன். தம் பார்வையாளரை இழந்த ஓர் இயக்குநரின் துயரமும் அதில் இருக்கிறது என்பது என் வாசிப்பு. அந்தத் துயரம் சினத்தின் உருவில் வந்ததால் நமக்கு அடையாளம் தெரியாமல் போயிற்று.

தாம் இயக்காத படங்களின் வழியாகவே அவர் திரையில் தொடர்ந்தார். 1969இல் எஸ்.வி. சுப்பையா தயாரிக்க, கே. விஜயன் இயக்கத்தில் அவருடைய ‘கைவிலங்கு’, ‘காவல் தெய்வம்’ ஆனது. 1977இல் ஏ. பீம்சிங் ‘சில நேரங்களில் சில மனிதர்கள்’ நாவலைப் படமாக்கினார். கங்காவாக நடித்த லட்சுமி தேசிய விருது பெற்றார். அடுத்து பீம்சிங் எடுத்த ‘ஒரு நடிகை நாடகம் பார்க்கிறாள்’ 1978இல் வந்தது. அவ்வாண்டு ஜனவரியிலேயே பீம்சிங் காலமானார். ‘பாசமலர்’ தந்த வணிக சினிமாவின் மூத்த இயக்குநர் ஒருவர் தம் இறுதி ஆண்டுகளில் ஜெயகாந்தனிடம் வந்து சேர்ந்தது தமிழ்த் திரை வரலாற்றின் அரிய நிகழ்வு. 2001இல் பீம்சிங்கின் மகன் பி. லெனின், ஜெயகாந்தனின் ‘ஊருக்கு நூறு பேர்’ நாவலைப் படமாக்கிச் சிறந்த இயக்குநருக்கான தேசிய விருது பெற்றார். தந்தை, மகன் என இரு தலைமுறை ஓர் எழுத்தாளரின் கதைகளை நாடியது பெருமைதான். ஆனால் அவை தனிமனிதர்களின் மதிப்பாலும் நட்பாலும் நிகழ்ந்தவை. நண்பர் மறைந்தால் வழியும் மறைந்துவிடும்.

ஜெர்மனி செல்வந்த நாடு, அதனோடு நம்மை ஒப்பிடலாமா என்று கேட்பவர்களுக்குச் சிதம்பரத்தைக் காட்டலாம்.

1985இல் ‘சிதம்பரம்’ என்ற பெயரில் ஒரு திரைப்படம் வெளிவந்து, அவ்வாண்டின் சிறந்த படத்துக்கான தேசிய விருதைப் பெற்றது. எடுத்தவர் மலையாள இயக்குநர் ஜி. அரவிந்தன், கதை சி.வி. ஸ்ரீராமனுடையது. மூணாறு அருகே மாட்டுப்பட்டிப் பண்ணையில் வேலை பார்க்கும் முனியாண்டி என்ற தமிழன் சிவகாமியை மணந்து அழைத்து வருகிறான். பண்ணை அதிகாரி சங்கரனுக்கும் அவளுக்கும் உறவு ஏற்படுகிறது, முனியாண்டி தூக்கிட்டுக்கொள்கிறான். குற்ற உணர்வில் அலைந்து திரியும் சங்கரன் இறுதியில் தில்லைக் கோயிலுக்கு வருகிறான். வாயிலில் பக்தர்களின் காலணிகளைக் காத்துக்கொண்டிருப்பவள் சிவகாமி. ஸ்மிதா பாட்டீலின் அந்த முகத்தைப் பார்த்தவர்கள் மறக்க மாட்டார்கள். தமிழ்க் கூலியின் கதை. தமிழ்க் கோயிலில் முடிவு. நந்தனார் வந்து நின்ற அதே வாயில். எடுத்தது மட்டும் மலையாளம்.

கேரளம் ஜெர்மனியைப்போல் செல்வந்தமானதன்று. ஆனால் 1965இல் அடூர் கோபாலகிருஷ்ணனும் நண்பர்களும் திருவனந்தபுரத்தில் ‘சித்ரலேகா’ திரைப்படச் சங்கத்தைத் தொடங்கினார்கள். அதிலிருந்து ஒரு கூட்டுறவு அமைப்பு வளர்ந்தது. நிதிக் கழகத்தின் கடனோடு 1972இல் ‘சுயம்வரம்’ உருவாயிற்று. ஊர் ஊராகத் திரைப்படச் சங்கங்கள் எழுந்தன, பார்வையாளர்கள் பயிற்றுவிக்கப்பட்டார்கள். கொல்லத்து முந்திரி வணிகர் ரவீந்திரநாதன் நாயர் அரவிந்தனின் படங்கள் பலவற்றுக்குப் பொருள் தந்தார். இலக்கிய வாசகர்களும் வாசகசாலைகளும் இந்த முயற்சிகளுக்குத் தோள் கொடுத்தார்கள்.

ஆக, 1965 என்னும் ஆண்டை நாம் இப்படிப் பார்க்கலாம். ஜெர்மனியில் ஒரு நிதியமைப்பு தோன்றியது. திருவனந்தபுரத்தில் ஒரு சங்கம் தோன்றியது. சென்னையில் ஒரு படம் வந்தது. முதல் இரண்டும் தொடர்ந்து படங்களைப் பெற்றன. மூன்றாவது தனித்து நின்றது.

இதற்கு ஜெயகாந்தனின் இயல்பும் ஒரு காரணமா என்று கேட்கலாம். கூட்டங்களைவிடத் தம் சபையை விரும்பியவர், அமைப்புகளோடு நெடுநாள் ஒத்துப்போகாதவர் என்ற சித்திரம் நம்மிடம் உண்டு. அது ஓரளவு உண்மையாகவே இருக்கட்டும். ஓர் எழுத்தாளன் நாவலும் எழுதி, படமும் எடுத்து, அதன்பின் நிதியமைப்பும் விநியோக நிறுவனமும் தானே கட்டவேண்டும் என எதிர்பார்ப்பது நியாயமாகாது. ஓபர்ஹவுசனில் 26 பேர் கையொப்பமிட்டார்கள். இங்கே 26 பேர் எங்கே இருந்தார்கள் என்பதே கேட்கப்படவேண்டிய கேள்வி. சிற்றிதழ் நடத்த நம்மவர்கள் மனைவியின் நகையை அடகு வைத்திருக்கிறார்கள். சினிமா என்று வந்தால், அது தீண்டத்தகாத வணிகம் என்று முகம் திருப்பிக்கொண்டார்கள். ஜனரஞ்சகப் பத்திரிகையில் எழுதியவர் என்பதால் ஜெயகாந்தனையே ஐயத்தோடு பார்த்தவர்கள், அவருடைய படத்துக்காக ஒரு கொட்டகையை வாடகைக்கு எடுத்திருப்பார்கள் என்று நம்ப இயலவில்லை.

2002ஆம் ஆண்டுக்கான ஞானபீட விருது ஜெயகாந்தனுக்குக் கிடைத்தது. 2015இல் அவர் மறைந்தார். அவருடைய நாவல்கள் பதிப்புக்குப் பின் பதிப்பாக வருகின்றன, பாடத்திட்டங்களில் இடம்பெறுகின்றன, கடலூரிலும் சிதம்பரத்திலும் அவரை ஆய்வுக்கு எடுக்கும் மாணவர்கள் உண்டு. ‘ஓர் இலக்கியவாதியின் கலையுலக அனுபவங்கள்’ என்ற அவருடைய நூல், அவர் எடுத்த படங்களுக்குப் பின்னால் இருந்த போராட்டத்தை அறிய விரும்புவோர் படிக்கவேண்டிய ஒன்று. ஆனால் ‘உன்னைப்போல் ஒருவ’னைப் பார்த்தேன் என்று சொல்லும் இளைய வாசகரைக் காண்பது அரிது. நாவல் வழியாகவே அப்படத்தை ஊகித்துக்கொள்ளும் நிலையில் இருக்கிறோம். இலக்கிய வரலாற்றில் சுவடி தேடி ஊர் ஊராக நடந்த உ.வே.சா.வைப் போற்றும் சமூகம், அறுபது ஆண்டுகளுக்கு முந்தைய ஒரு படச்சுருளைப் பற்றிக் கவலை கொள்ளாதிருப்பது விந்தைதான்.

எனவே, நம்மிடையே ஏன் ஒருவர் தோன்றவில்லை என்ற கேள்வியை இனி வேறு விதமாகக் கேட்கலாம். தோன்றிய ஒருவருக்கு நாம் என்ன செய்தோம்? அடுத்து ஒருவர் ஒரு சிறிய படத்தோடு நம் ஊருக்கு வந்தால், அதைத் திரையிட ஓர் அரங்கும், பார்க்க ஐம்பது பேரும், படச்சுருளையோ கோப்பையோ பத்திரப்படுத்தி வைக்க ஓர் இடமும் நம்மிடம் உண்டா? நாவலைக் காத்த வாசகர்களால் இதுவும் இயலும். கடலூரிலோ சிதம்பரத்திலோ ஒரு கல்லூரி அறையிலிருந்துகூட அதைத் தொடங்கலாம்.